நாலு சென்ட்

தேதியில் தொடங்கமாட்டார் அந்த ஒகையோக்காரர்.
பனியில் ஒரு குதிரை தும்மும்.
அப்புறம்தான் தளபதி வருவார்,
அப்புறம்தான் போர்.
இருபது வருஷம் ஏதோ ஒரு நாளிதழில்
தீவிபத்தும் மேயர் தேர்தலும் எழுதிக் களைத்து
நாற்பத்தெட்டு வயதில் வேலையை விட்டு
தன் நாட்டின் பழைய நாட்களுக்கு
நிருபராகப் போனவர்.

நான் திருமங்கலம் தாலுகாவுக்கு நிருபர்.
என் செய்திகள் எல்லாம்
‘திருமங்கலம், மார்ச் 4:’ என்றுதான் தொடங்கும்.
கப்பலூர் சுங்கச்சாவடியில் மறியல் என்றால்
எண்பது சொல். கைதானவர் எண்ணிக்கை கட்டாயம்.

கல்லூரி நூலகத்தில் தேவசகாயம் சார்
விதியை வளைத்துத் தந்த நாலு தடிமன் புத்தகங்கள்.
பெரியாரில் ஏறி, கம்பியைப் பிடித்து நின்றபடி
முதல் குதிரையைப் படித்தேன்.
அது தும்மியது இவருக்கு எப்படித் தெரியும்?
நிருபர் புத்தி. பின்பக்கம் புரட்டினேன்.
குறிப்பு பதினேழு:
லாயக்காரன் கணக்குப் புத்தகம், பிப்ரவரி.
‘சாம்பல் குதிரைக்குச் சளி. மருந்து, நாலு சென்ட்.’

சிரித்துவிட்டேன்.
பழங்காநத்தத்தில் ஏறிய பெண்
தள்ளி நின்றுகொண்டாள்.
எங்களுக்கு சென்ட் என்றால் நிலம்.
நாலு சென்டுக்கு அண்ணன் தம்பி வெட்டிக்கொண்டதை
நானே இரண்டு முறை எழுதியிருக்கிறேன்.

இரண்டாம் புத்தகத்தில் பருத்தி எரிகிறது.
எதிரி கைக்குப் போகக் கூடாதென்று
ஆற்றங்கரையில் அடுக்கிய பொதிகளுக்குச்
சொந்தக்காரர்களே தீ வைக்கிறார்கள்.
மூன்று நாள் புகை. பதினோரு பக்கம்.
பொதி சுமந்த அடிமைகளில் ஆறு பேரை
பழைய ஏலச்சீட்டிலிருந்து
பெயரோடு எழுப்பியிருக்கிறார்.
கடைசியில் ஒரு வரி:
‘ஆலைகள் பஞ்சுக்கு எகிப்தை, இந்தியாவைத் தேடிப் போயின.’
அவ்வளவுதான்.
அந்தக் காற்புள்ளிக்கு அந்தப் பக்கம்
இருக்கிறது கள்ளிக்குடி.
மழைநாளில் கால் வைத்தால்
செருப்பைக் கேட்கும் என் கரிசல்.

ஆட்சியர் அலுவலக ஆவண அறையில்
மின்விசிறியை நிறுத்திவிட்டுத்தான்
கட்டை அவிழ்த்தார் ரபியுதீன்.
பசலி 1276.
போர் முடிந்து, விலை விழுந்து,
வானமும் பொய்த்த வருஷம்.

‘பெத்தண நாயக்கன்.
புஞ்சை, மூணு ஏக்கர் நாலு சென்ட்.
பருத்தி. தீர்வை பாக்கி.
ஆள் இல்லை.’

செத்தானா, கப்பலேறினானா,
கணக்கன் வந்த நேரம்
ஓடைப் பக்கம் ஒதுங்கியிருந்தானா?

அன்றிரவு எழுதிப் பார்த்தேன்:
‘கரிசலில் பனி இறங்கிய விடியலில்
பெத்தணனின் மாடு தும்மியது.’
நன்றாகத்தான் இருந்தது.
மாடு இருந்ததா?
அடித்தேன்.
பனி?
அதையும் அடித்தேன்.
பெத்தணன் மட்டும் மிஞ்சினான்.
‘நாயக்கன்’ சேர்த்துத் திருத்தினேன்,
தாளில் உள்ளபடி.

அந்த வாரமே கப்பலூரில் மறுபடி மறியல்.
எழுபத்திரண்டு பேர் கைது.
அடைத்துவைத்த கல்யாண மண்டபத்தில்
மணமேடை ஓரம் ஒருவர் விடாமல் இருமினார்.
அதையும் எழுதி அனுப்பினேன்.
தொலைபேசியில் கோமதிநாயகம்:
“இருமினா என்னம்மா? செத்தாரா?”
“இல்ல சார்.”
“அப்ப எடுத்துர்றேன்.”

எடுத்துவிட்டார். எண்பது சொல் சரியாக வந்தது.

மூன்றாவது புத்தகத்தில் ஒரு ரயில் பாலம்.
நான்காவதைப் பிரிக்கவில்லை;
தாமதக் கட்டணம் ஏறிக்கொண்டிருக்கிறது.
என் குறிப்பேட்டில்
பயணப்படிக்குக் கீழே, பென்சிலில் இருக்கிறது:
‘மண்டபத்தில் இருந்தவருக்கு
இருமல் மாத்திரை இரண்டு. ஆறு ரூபாய்.’

பெயர் கேட்க மறந்துவிட்டேன்.